கண்ணுக்குத் தெரியும் கரை

டெல்டாவில் கரைதான் பாதை. வெளியூர்க்காரர்களுக்கு இது சட்டென்று விளங்காது. சுற்றிலும் நன்செய், வருஷத்தில் பாதி நாள் வயலில் தண்ணீர் நிற்கும். கால் நனையாமல் ஓரிடத்திலிருந்து இன்னோரிடம் போக ஆற்றங்கரை, வாய்க்கால் கரை, வரப்பு என்ற மூன்றை விட்டால் வேறு வழியில்லை. கல்லணையில் காவிரி, வெண்ணாறு, கல்லணைக் கால்வாய் என்று பிரிகிற தண்ணீர் மேலும் குடமுருட்டியாக, அரசலாறாக, வெட்டாறாக, வடவாறாகக் கிளைத்துப் போகிறது. ஒவ்வொரு கிளையின் இரு கரையிலும் மனிதர் நடந்து நடந்து விழுந்த தடம் உண்டு. நாற்று முடி சுமந்தவர்களும், பள்ளிக்கூடம் போன பிள்ளைகளும், பெண் பார்க்கப் போனவர்களும், பாடை தூக்கியவர்களும் போனது அந்தத் தடத்தில்தான்.

எங்கள் ஊர் பாமணியாற்றங்கரையில் இருக்கிறது. நீடாமங்கலத்துக்குப் பக்கத்தில் மூணாறு தலைப்பு என்று ஓர் இடம். வெண்ணாற்றுத் தண்ணீரை அங்கேதான் கோரையாற்றுக்கும் பாமணியாற்றுக்கும் பிரித்து விடுகிறார்கள். அங்கிருந்து மன்னார்குடிப் பக்கம் வருகிற வழியில் எங்கள் ஊர். இன்றைக்கு அது திருவாரூர் மாவட்டம். 1991இல் நாகப்பட்டினமும் 1997இல் திருவாரூரும் தனித்தனியாகும் முன்னால் எல்லாமே தஞ்சாவூர் ஜில்லா. என் சிறுவயது அந்த ஜில்லாவில், அறுபதுகளிலும் எழுபதுகளிலும் கழிந்தது.

அப்பா லஸ்கர். பொதுப்பணித் துறையில் ஆற்றுக்குக் காவல் இருக்கிற கடைநிலை வேலை. மதகுப் பலகையை ஏற்றி இறக்குவது, முறை வைத்துத் தண்ணீர் விடுவது, அளவுக்கல்லில் தண்ணீர் எவ்வளவு நிற்கிறது என்று பார்த்துச் சொல்வது எல்லாம் அவர் பொறுப்பு. இவற்றுக்கு மேலாக, தமக்கு விட்ட கரையை அவர் நடந்து பார்க்க வேண்டும். விடிவதற்கு முன் அரிவாளைத் தோளில் மாட்டிக்கொண்டு கிளம்புவார். பள்ளிக்கூடம் இல்லாத நாட்களில் நானும் பின்னாலேயே ஓடுவேன். கரையைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் அவர் முதுகைப் பார்த்துக்கொண்டு நடந்த நடையில் கற்றதுதான்.

“கரை கண்ணுக்குத் தெரியணும் பாப்பா. கண்ணுக்குத் தெரியாத கரைதான் ஒடையும்” என்பார்.

இதன் அர்த்தம் ஓர் ஐப்பசி மழையில்தான் எனக்குப் பிடிபட்டது. ஆற்றில் தண்ணீர் ஏறும்போது கரையின் வயல் பக்கத்துச் சரிவில் ஊற்றுக் கிளம்பும். எலி வளை, நண்டு வளை, பட்டுப்போன மரத்தின் வேர் மக்கிய துளை என்று தண்ணீருக்கு எத்தனையோ வழி. கசிந்து வருவது தெளிந்த தண்ணீராக இருந்தால் கண் வைத்திருந்தால் போதும். கலங்கலாக வந்தால் கரைக்குள்ளிருந்து மண் கரைந்து வருகிறது. அப்புறம் பொழுது விடியக் காத்திருக்க முடியாது. ஆளைக் கூப்பிட்டு, சவுக்குக் கழி அடித்து, கீற்றும் வைக்கோலும் வைத்து, மணல் மூட்டை அடுக்க வேண்டும். அந்தக் கலங்கல் முதலில் ஒரு கை அளவுக்குத்தான் வரும். சரிவில் இடுப்புயரப் புதர் மண்டியிருந்தால் அது யார் கண்ணில் படும்? பட்டாலும், சாக்கு மூட்டையோடு அந்த இடத்துக்கு எப்படிப் போய்ச் சேருவது? அன்றிரவு அரிக்கேன் விளக்கைச் சரிவுக்கு நேராகப் பிடித்துக்கொண்டு அப்பா நடந்தார். புரட்டாசியில் செதுக்கி விட்ட சரிவு. ஈரம் பளபளப்பதுகூடத் தெரிந்தது. கசிவு இருந்த இடத்தைக் கண்டுபிடித்து ஊராரை எழுப்பினார். விடிவதற்குள் அடைத்துவிட்டார்கள்.

கரையைச் சுத்தம் செய்ய ஒரு பருவம் உண்டு. மேட்டூர் அணையை ஜூன் 12இல் திறந்து ஜனவரி 28இல் மூடுவது வழக்கம். தை மாதக் கடைசியில் தண்ணீர் நின்று ஆறு காயும். பங்குனி, சித்திரை, வைகாசி மூன்று மாதமும் கரை வேலைக்கான காலம். தண்ணீர் வருவதற்குள் முள் எடுத்து, பள்ளம் தூர்த்து, வளை அடைத்து முடிக்க வேண்டும். புரட்டாசியில் இன்னொரு முறை, வடகிழக்கு மழைக்கு முன்னால். முதல் வெட்டு கரைக்காக, இரண்டாவது கண்ணுக்காக என்று அப்பா பிரித்துச் சொல்வார். மழைக்காலத்துச் செடி வாரத்துக்கு ஒரு சாண் ஏறும். புரட்டாசியில் விட்டால் கார்த்திகையில் பிடிக்க முடியாது.

முள் வெட்டுவதில் ஒரு முறை இருந்தது. இடது கையில் கவைக்கம்பு, வலது கையில் அரிவாள். கவையால் முள்கொப்பை அழுத்திப் பிடித்துத் தூக்கி, அடியில் வெட்டி, அதே கவையால் தள்ளி விடுவார்கள். கை முள்ளில் படவே படாது. உயரத்துக் கிளைக்குத் துறட்டி. முதலில் கம்பால் தரையைத் தட்டிக்கொண்டே இரண்டு தப்படி போய், நின்று, காது கொடுத்த பிறகுதான் குனிவார்கள். நடக்கிற பக்கத்தில் நின்றுகொண்டு புதருக்குள் வெட்டிக்கொண்டு போவார்களே தவிர, புதருக்குள் இறங்கி நின்று வெளியே வெட்ட மாட்டார்கள். வெட்டிய முள்ளைத் தடத்தில் ஒரு நொடியும் போடக் கூடாது. அடுத்து வருகிற பிள்ளைக்குச் செருப்பு இருக்காது என்பது எல்லோருக்கும் தெரியும்.

அகலத்துக்கும் கணக்கு இருந்தது. ஒற்றை ஆள் நடக்கிற வரப்புக்கு ஒரு முழம் போதும். தலைச்சுமையோடு எதிரெதிரே இரண்டு பேர் ஒதுங்கிப் போக நான்கு முழம் வேண்டும். வைக்கோல் கட்டோ நெற்கட்டோ தலையில் இருந்தால் பக்கத்தில் இடம் விட்டால் மட்டும் போதாது, மேலேயும் விட வேண்டும். அரிவாளைப் பிடித்த கையை உயர்த்தி நீட்டினால் எட்டுகிற உயரம் வரைக்கும் கிளை இருக்கக் கூடாது. சுடுகாட்டுப் பாதைக்கு, பாடையின் இரண்டு பக்கமும் ஆள் தோள் கொடுத்து நடக்கிற அகலம். எந்தப் பாதையில் எது போகும் என்று தெரிந்தவர்கள்தான் அதைச் சரியாக வெட்ட முடியும். அந்தக் கணக்கு எந்தக் கோப்பிலும் இல்லை. நடந்தவர்களின் உடம்பில் இருந்தது.

பாம்பைச் சொல்லாமல் கரையைப் பற்றிப் பேச முடியாது. அறுப்பு முடிந்தால் எலி கரைக்கு ஏறும். எலியின் பின்னால் நல்லபாம்பும் கண்ணாடி விரியனும் ஏறும். வயலில் தண்ணீர் நிற்கிற காலத்தில் மேடு என்று இருப்பது கரை ஒன்றுதான். மனிதரும் பாம்பும் அதே மேட்டைத்தான் தேடிப் போகிறோம். கண்ணாடி விரியன் உதிர்ந்த சருகின் நிறத்தில் சுருண்டு கிடக்கும். மிதிபடுகிற வரைக்கும் நகராது. என் வகுப்பில் படித்த ஒருத்தியின் அண்ணனை அந்திக் கருக்கலில், தழை மூடிய ஒரு வாய்க்கால் கரையில் அது கடித்தது. முதலில் மந்திரிக்கத் தூக்கிப் போனார்கள். பிறகு மாட்டு வண்டியில் ஏற்றினார்கள். வண்டி ரோட்டுக்கு ஏறுவதற்குள் முடிந்துவிட்டது. அதற்குப் பிறகு அவள் பள்ளிக்கூடம் வரவில்லை. அவளை அந்தக் கரையில் அனுப்ப அவள் அம்மாவுக்கு மனம் வரவில்லை.

2000 முதல் 2019 வரையிலான இருபது வருஷத்தில் இந்தியாவில் பாம்பு கடித்து ஏறக்குறைய 12 லட்சம் பேர் இறந்திருப்பார்கள் என்று 2020இல் வெளியான ஓர் ஆய்வு மதிப்பிட்டது. பெரும்பாலும் கிராமத்தில், மழைக்காலத்தில் நேர்ந்த சாவுகள். தமிழ்நாடு அரசு 2024 நவம்பரில் பாம்புக்கடியை, மருத்துவமனைகள் கட்டாயம் அறிவிக்க வேண்டிய நோயாக்கியது. நல்ல முடிவு. விஷமுறிவு மருந்து இன்று அரசு ஆஸ்பத்திரிகளில் கிடைக்கிறது. ஆனால் அந்த மருந்துக்குப் போய்ச் சேருகிற பாதையும் சிகிச்சையின் ஒரு பகுதிதான். கால் வைக்கிற இடம் தெரிகிற பாதையில் பாதிக் கடி நேராமலே போகும் என்று கரையில் நடந்து வளர்ந்தவள் என்ற முறையில் நம்புகிறேன்.

இவ்வளவும் கேட்டவர்கள், அப்பா கண்ணில் பட்டதையெல்லாம் வெட்டியிருப்பார் என்று நினைக்கக்கூடும். வெட்டியதைவிட விட்டது அதிகம். ஆற்றுப் பக்கத்துச் சரிவில் நாணலைத் தொட விட மாட்டார். அதன் வேர்தான் அலை அரிக்காமல் மண்ணைப் பிடித்துக்கொள்கிறது. நொச்சியையும் ஆடாதொடையையும் தலை மட்டும் கழித்துவிட்டுத் தூரை விட்டுவிடச் சொல்வார். இரண்டையும் ஆடு கடிக்காது, வறட்சி கொல்லாது. வெட்ட வெட்ட அடியில் பக்க வேர் பின்னும். கரையின் உச்சியில் பெரிய மரம் மட்டும் கூடாது. காற்றில் சாய்ந்தால் தூரோடு கரையையும் பெயர்த்துக்கொண்டு போகும். பூவரசும் வாகையும் புங்கனும் கரைக்கு வெளியே, அடிவாரத்தில் நிற்கலாம். பனைக்கு எந்த இடத்திலும் தடை கிடையாது.

பிற்பாடு படிக்கும்போது, எதை வெட்டுவது, எதை விடுவது என்ற இதே கேள்வி உலகமெங்கும் இருப்பதைத் தெரிந்துகொண்டேன். 2005இல் கத்ரீனா புயலில் நியூ ஆர்லியன்ஸ் நகரத்தின் வெள்ளக் கரைகள் உடைந்தன. அதற்குப் பிறகு அமெரிக்க ராணுவப் பொறியாளர் படை, கரைகளில் மரமும் புதரும் கூடாது என்ற விதியைக் கண்டிப்பாக்கியது. கலிபோர்னியாவில் அதற்குப் பெரிய எதிர்ப்பு. ஆற்றங்கரைக் காட்டில் மிச்சமிருப்பது அந்தக் கரைகளில்தான் என்றார்கள். நெதர்லாந்தில் கரைகளின் மேல் ஆடு மேய விடுகிறார்கள். புல் குட்டையாக, அடர்த்தியாக இருந்தால் மண்ணும் பிடிக்கும், விரிசலும் கண்ணுக்குத் தெரியும். பொறியாளர்கள் வாதாடுகிற அந்த இடத்துக்கு, பாமணியாற்றங்கரையில் ஒரு லஸ்கர் தம் வழியில் வந்து சேர்ந்திருந்தார் என்பதில் எனக்குப் பெருமை உண்டு.

அவர் விட்டதில் இன்னொன்றும் இருக்கிறது. ஊருக்குச் சற்றுத் தள்ளி, கரை வளைகிற இடத்தில் ஒரு தாழம்புதர்த் திட்டு. கழிப்பறை என்ற ஒன்று எந்த வீட்டிலும் இல்லாத காலம். விடியுமுன்னும் பொழுது சாய்ந்தும் பெண்களுக்கு அதுதான் மறைப்பு. ஒரு சித்திரையில் ஆட்கள் அதை நெருங்கியபோது ஒரு பாட்டி வந்து, “லஸ்கரு தம்பி, அத மட்டும் வுட்டுடுங்க” என்றார். காரணம் சொல்லவில்லை, அப்பாவும் கேட்கவில்லை. திட்டை விட்டுவிட்டு, அங்கே போகிற ஒற்றையடித் தடத்தை மட்டும் நன்றாகச் செதுக்கிக் கொடுக்கச் சொன்னார். புதர் ஒருத்திக்கு ஆபத்தாக இருக்கும், இன்னொருத்திக்குச் சேலைத் தலைப்பாக இருக்கும். கேட்காமல் வெட்டக் கூடாது என்பதை அன்று பார்த்தேன்.

கரை அந்தக் காலத்தில் தெளிவாக இருந்ததற்கு லஸ்கர் மட்டும் காரணமில்லை. ஊரே தினமும் கரையை வெட்டிக்கொண்டிருந்தது. நடவுக்கு முன்னால் தழை மிதிக்க நொச்சியும் எருக்கும் ஆடாதொடையும் புங்கனும் கட்டுக் கட்டாக வயலுக்குப் போகும். அடுப்புக்கு முள், வேலிக்கு முள், கூடை முடைய நொச்சி மிலாறு, மாட்டுக்குப் புல், கூரைக்கு விழல். பெண்கள் அரிவாளும் சும்மாட்டுத் துணியுமாகக் கரைக்குப் போனால் வெறுங்கையோடு திரும்பியதில்லை. அவர்களில் ஒரு பெரியம்மா எனக்குச் செடிகளைக் கற்றுக்கொடுத்தார். எந்தக் கொடி மூட்டுவலிக்கு, எந்த இலை சளிக்கு, எதன் பால் கண்ணில் பட்டால் பார்வை போகும் என்பதெல்லாம் அவருக்குத் தெரியும். கரையில் அவர் வேண்டாமென்று ஒதுக்கிய செடி மிகச் சில.

அந்தத் தேவைகள் ஒவ்வொன்றாக விலகின. 1960களின் தொடக்கத்தில் பாக்கேஜ் புரோகிராம் என்ற தீவிர வேளாண்மைத் திட்டத்துக்கு இந்தியாவில் முதலில் தேர்ந்தெடுத்த மாவட்டங்களில் தஞ்சாவூரும் ஒன்று. யூரியா வந்தது, ஆடுதுறை 27 நெல் வந்தது, தழை குறைந்தது. கூரை ஓடாகி, ஓடு காங்கிரீட் ஆனது, விழல் வேண்டாமென்றாயிற்று. டிராக்டர் வந்ததும் மாடு குறைந்தது, புல்லறுப்பும் குறைந்தது. கடைசியாக அடுப்பு. 2006 தேர்தலுக்குப் பிறகு வந்த இலவச எரிவாயு அடுப்புத் திட்டம், 2016இல் வந்த உஜ்வலா இரண்டும் எங்கள் பெண்களின் கண்ணையும் நெஞ்சையும் புகையிலிருந்து மீட்டன. இதில் எதுவும் திரும்ப வேண்டாம். தழைக்கட்டின் கனம் கழுத்தை எப்படி அழுத்தும் என்று தெரிந்த யாரும் அந்த நாட்களுக்கு ஏங்க மாட்டார்கள். ஆனால், ஊர் தன் தேவைக்காகச் செய்துவந்த வேலை நின்றபோது, அந்த வேலை இருந்ததையே யாரும் கவனிக்கவில்லை. புதர் கவனித்தது.

காலி இடத்துக்கு வந்தது சீமைக் கருவேலம். எங்கள் பக்கத்தில் வேலிக்கருவை என்போம். மத்திய, தென் அமெரிக்க மரம்; 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் வெள்ளைக்கார அரசு சென்னை மாகாணத்தின் வறண்ட பகுதிகளுக்காகக் கொண்டுவந்தது. மாடும் ஆடும் நெற்றைத் தின்று சாணத்தோடு விதையைப் பரப்பும். வெட்டினால் அடியிலிருந்து நாலாகக் கிளைத்து எழும். தூரோடு தோண்டி எடுத்து, குழியை மண் போட்டு மிதித்து இறுக்கினால்தான் போகும். கூடவே நெய்வேலிக் காட்டாமணக்கு. ஊதாப் பூவோடு, ஒடித்துப் போட்ட குச்சியெல்லாம் வேர் விட்டு வாய்க்காலை அடைக்கும். தண்ணீரின் மேல் ஆகாயத்தாமரை. 2012 முதல் 2019 வரை ஒரு வருஷம்கூட மேட்டூர் ஜூன் 12இல் திறக்கவில்லை. அந்த வருஷங்களில் ஆறு நெடுநாள் காய்ந்து கிடந்தபோது கருவை கரையிலிருந்து ஆற்றுக்குள்ளேயே இறங்கியது. நான் நடந்து பள்ளிக்கூடம் போன கரையில் ஒரு கட்டத்தில் நாய்கூட நுழைய முடியாமல் போனது.

வைகோ தொடுத்த வழக்கில் 2017இல் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை சீமைக் கருவேலத்தை அகற்ற உத்தரவிட்டது. அதே வருஷம் மார்ச்சில் தமிழக அரசு, ஊராரே நீர்நிலைகளைப் பராமரிக்கிற குடிமராமத்தை மறுபடி தொடங்கியது. முதல் கட்டத்துக்கு 100 கோடி ரூபாய். ஊரெங்கும் அரிவாளும் ஜேசிபியுமாக ஒரு வேகம் எழுந்தது. எங்கள் கரையும் திறந்தது. திறந்ததில் எனக்கு மகிழ்ச்சி. ஆனால் சில இடங்களில் எந்திரத்தின் வாளி கருவையோடு நாணலையும் நொச்சியையும் சேர்த்து வழித்துவிட்டது. கரை மொட்டையாக நின்றது. முதல் மழையில் சரிவெல்லாம் ஓடை ஓடையாக அரித்தது. அடுத்த சித்திரைக்குள் அந்த வெற்று மண்ணில் முதலில் முளைத்ததும் கருவைதான். கரையை எந்திரத்தால் திறக்கலாம், திறந்து வைத்திருக்க முடியாது. வருஷா வருஷம் நடந்து பார்த்து, முளையிலேயே பிடுங்குகிற கை இல்லாவிட்டால் செலவு செய்த பணம் இரண்டு பருவத்துக்குள் முள்ளாகிவிடும்.

குடிமராமத்து என்றதும் ஊர் கூடித் தேர் இழுத்த பொற்காலம் போலப் பேசுகிறார்கள். நான் பார்த்ததையும் சொல்ல வேண்டும். 1858இல் கொண்டுவந்த சென்னைக் கட்டாய உழைப்புச் சட்டம், கரைக்கும் கால்வாய்க்கும் ஊராரின் உழைப்பைச் சட்டக் கடமையாக்கியது. காகிதத்தில் கடமை மிராசுதாருக்கு; மண்வெட்டி பிடித்தது அவருடைய பண்ணையாள். 1952இல் தஞ்சாவூர்ப் பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்த பிறகும் அந்த வழக்கம் சட்டென்று போகவில்லை. அப்பாவோடு வேலை செய்தவர்களில் பெரும்பாலோர் ஊருக்குத் தள்ளி இருந்த தெருவிலிருந்து வந்தவர்கள். ஆற்றங்கரையின் ஒவ்வொரு முழமும் அவர்கள் கையால் சுத்தமானது. அவர்களுடைய சுடுகாட்டுக்குப் போகிற வாய்க்கால் கரைக்கு மட்டும் ஆளும் இல்லை, அளவும் இல்லை.

ஓர் ஐப்பசியில் அந்தத் தெருவில் ஒரு பெரியவர் இறந்தார். பாமணியாற்றங்கரையில் அப்பாவோடு நெடுங்காலம் கவை பிடித்தவர். அப்பா போனார், என்னையும் கூட்டிப் போனார். அந்த வாய்க்கால் கரையின் ஒரு பக்கத்தை வயல்காரர்கள் வருஷத்துக்கு ஒரு சாலாக உழுது தின்றிருந்தார்கள். மறுபக்கத்தில் தாழையும் கருவையும். மிச்சமிருந்தது ஒரு ஆள் ஒருக்களித்துப் போகிற இடம். பாடை போகாது. தோள் கொடுத்த நான்கு பேரும் நடவு முடிந்த வயலில் இறங்கினார்கள். சேற்றில் முழங்கால் வரை கால் புதைய, பாடை ஒரு பக்கம் சாய்ந்து, நிமிர்ந்து, மறுபடி சாய்ந்தது. பயிரை மிதித்ததற்காக மறுநாள் ஒருவர் சண்டைக்கு வந்தார். ஊர்ப் பாதைகளையெல்லாம் வெட்டிக் கொடுத்த மனிதர் கடைசியாகப் போக ஒரு பாதை இல்லை.

காரியம் முடிந்த மறுநாளே அந்தத் தெருவின் இளைஞர்கள் அரிவாள் எடுத்தார்கள். யாரையும் கேட்கவில்லை, யாருக்காகவும் காத்திருக்கவில்லை. தாழையை வெட்டி, கருவையைத் தோண்டி, பாடை போகிற அகலத்துக்குக் கரையை மீட்டார்கள். வயல் பக்கம் எதுவரை வாய்க்கால் கரை என்று கேள்வி வந்தபோது அப்பா தம்மிடமிருந்த அளவைச் சொன்னார். சங்கிலி பிடித்து எல்லை காட்டினார். அது அவர் கடமை, அதைச் செய்தார். போராடியது அவர்கள். பாதை என்பது மண்ணில் இருக்கிற இடம் மட்டுமல்ல, நடக்கிற உரிமையும் அதில் சேர்ந்ததுதான். முள் அந்த உரிமையைச் சத்தமில்லாமல் எடுத்துக்கொள்ளும். யாருடைய பாதையில் முதலில் புதர் மூடுகிறது என்று பாருங்கள். அந்த ஊரில் யாருக்கு மதிப்பில்லை என்று தெரிந்துவிடும்.

2018 நவம்பர் 16 அதிகாலையில் கஜா புயல் நாகப்பட்டினத்துக்கும் வேதாரண்யத்துக்கும் இடையே கரை ஏறியது. பட்டுக்கோட்டை, பேராவூரணி, ஒரத்தநாடு, மன்னார்குடி, திருத்துறைப்பூண்டி என்று தென்னையெல்லாம் சாய்ந்தது. விடிந்து பார்த்தால் எங்கள் ஊர் ரோட்டில் மரத்தின் மேல் மரம், அதன் மேல் மின்கம்பம். அப்பா போய் நாளாகிவிட்டது. நான் ஆசிரியர் வேலையிலிருந்து ஓய்வு பெற்று ஊரோடு வந்துவிட்டிருந்தேன். ரோடு திறக்க நாளாகும் என்று தெரிந்ததும் எல்லோருக்கும் கரை நினைவுக்கு வந்தது. கரையின் உச்சியில் வளர விட்டிருந்த கருவைகள் வேரோடு பெயர்ந்து, வண்டிப் பள்ளம் அளவுக்குக் கரை மண்ணையும் இழுத்துக்கொண்டு கிடந்தன. நல்லவேளை, ஆற்றில் தண்ணீர் கரை தொடும் அளவுக்கு இல்லை. நொச்சியும் நாணலும் இருந்த இடங்களில் கரை அசையாமல் நின்றது. அப்பா சொன்னதை அன்றைக்கு ஊரே கண்ணால் பார்த்தது.

அன்று வெட்ட ஆரம்பித்தவர்கள் பெண்கள். நூறு நாள் வேலைக்குப் போகிறவர்கள், அரிவாள் கைப்பழக்கம் விடாதவர்கள். மரம் அறுக்கும் மெஷின் இரண்டு பின்னால் வந்தது. நிறைமாதக் கர்ப்பிணி ஒருத்தியும், தினம் ஊசி போட்டுக்கொள்கிற ஒரு முதியவரும் இருக்கிற வீடுகளைச் சொல்லி, அங்கிருந்து கரைக்கு ஏறுகிற சந்தை முதலில் திறந்தார்கள். எதை முதலில் வெட்டுவது என்று யாரும் கட்டளையிடவில்லை. யாருக்கு அவசரம் என்று அவர்களுக்குத் தெரிந்திருந்தது. அந்தியில் இரு சக்கர வண்டி கரை வழியாக மெயின் ரோட்டைத் தொட்டது.

அந்த வேலையோடு கலைந்துவிட வேண்டாம் என்று சிலர் முடிவு செய்தோம். அப்போதிலிருந்து வைகாசியில் தண்ணீர் வருவதற்கு முன்னும் புரட்டாசியில் மழைக்கு முன்னும் ஊர்க் கரைகளை நடந்து பார்க்கிறோம். தெருக்காரர்கள், ஊர்க்காரர்கள், விவசாயிகள், பள்ளிக்கூடப் பிள்ளைகளின் தாய்மார்கள் எல்லோரும் வருகிறார்கள். பெரிய கருவையைத் தோண்டுவது துறையின் வேலை. அதற்கு மனு எழுதுகிறோம். கன்றாக இருக்கும்போதே பிடுங்குவது எங்கள் வேலை. புதிதாக வந்த இளைஞர்களுக்குக் கவை பிடிக்கவும் தரை தட்டவும் பழக்குகிறோம். நாணலுக்கும் நொச்சிக்கும் சிவப்புத் துணி கட்டி வைக்கிறோம், மெஷின் ஓட்டுகிறவருக்குத் தெரிய. வேலை செய்கிறவர்களுக்குக் கூலி உண்டு. ஊர்ப் பொதுவிலிருந்து கொடுக்கிறோம். இலவச உழைப்பைப் பெருமையாகப் பேசுகிற காலம் முடிய வேண்டும் என்பதில் எங்களுக்குள் இரண்டு கருத்து இல்லை.

டெல்டாவில் ஒவ்வொரு ஊரும் இதைச் செய்ய முடியும். கால்வாயைத் தூர்வாருவது பற்றி வருஷா வருஷம் பேசுகிறோம். அதே மூச்சில் கரையையும் பேச வேண்டும். தண்ணீர் கடைமடைக்குப் போவது எவ்வளவு முக்கியமோ, கடைசி வீட்டு மனிதர் முள் குத்தாமல், பாம்பை மிதிக்காமல் வந்து போவதும் அவ்வளவு முக்கியம். நடந்து பார்க்கவென்று சம்பளத்துக்கு ஆள் வேண்டும். காவல் இல்லாத கரையை எந்தத் திட்டமும் காப்பாற்றாது. வெட்டுமுன் அந்தப் பாதையில் நடக்கிறவர்களைக் கேட்க வேண்டும்.

எங்கள் ஊரில் வரிசையைத் தீர்மானித்துவிட்டோம். முதலில் தெருச் சுடுகாட்டுப் பாதை. அடுத்தது பள்ளிக்கூடப் பாதை. அதற்குப் பிறகு வயலுக்குப் போகிற கரைகள். இந்த வரிசையை எந்த வருஷமும் மாற்றுவதில்லை.